ஒரு ஒளிப்பதிவாளர் கேட்ட கணக்கு: யோஸ்ட் வகானோவும் ஜெர்மன் சினிமாவும்

இரண்டாம் உலகப் போர்க்கால ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் ஒன்றின் கதையான 'தாஸ் போட்' படத்தை ஒளிப்பதிவு செய்ததற்கு யோஸ்ட் வகானோ வாங்கிய சம்பளம் 2 லட்சத்து 4 ஆயிரம் ஜெர்மன் மார்க். யூரோவில் சொன்னால் சுமார் 1 லட்சம். அந்தக் காலத்துக்கு அது குறைச்சலான சம்பளம் இல்லை. படம் 1981-ல் வெளியாகி உலகம் முழுக்க ஓடியது. அப்புறம் தொலைக்காட்சித் தொடராக வந்தது. வீடியோ கேசட், டிவிடி, ப்ளூரே என்று புது வடிவம் ஒன்று சந்தைக்கு வரும்போதெல்லாம் மறுபடியும் விற்றது. ஒளிப்பதிவாளருக்கு மட்டும் அந்த முதல் சம்பளத்தோடு சரி. 2008-ல், படம் வந்து 27 ஆண்டுகள் ஆன பிறகு, வகானோ நீதிமன்றத்துக்குப் போனார். அவர் முதலில் கேட்டது பணம்கூட இல்லை. இந்தப் படம் எவ்வளவு சம்பாதித்தது என்ற கணக்கைக் காட்டுங்கள் என்றார்.

இதைச் சம்பளத் தகராறு என்று மட்டும் எடுத்துக்கொண்டால் பாதிதான் புரியும். ஒரு படத்தின் காட்சி யாருடைய படைப்பு என்ற கேள்வி இதற்குள் இருக்கிறது. இயக்குநர் சொன்னதைப் பதிவு செய்து கொடுத்துவிட்டுப் போகிறவரா ஒளிப்பதிவாளர், இல்லை படத்தைச் சேர்ந்து உருவாக்கியவரா? ஜெர்மன் நீதிமன்றங்கள் வகானோவைக் கூட்டுப் படைப்பாளியாக ஏற்றுத்தான் வழக்கை நடத்தின. சட்டம் தெரியாதவர்கூட அந்தப் படத்தை ஒருமுறை பார்த்தால் காரணத்தைப் புரிந்துகொள்ளலாம். அங்கே வந்து சேர வகானோ கடந்த பாதை, போருக்குப் பிந்தைய ஜெர்மனியில் சினிமாவும் தொலைக்காட்சியும் ஒன்றோடொன்று பின்னிப்போன கதையும்கூட.

வகானோ 1934-ல் ஓஸ்னாப்ரூக் நகரில் பிறந்தவர். இன்று பேர்போன பெர்லின், மியூனிக் திரைப்படக் கல்லூரிகள் 1966, 67-ஐ ஒட்டித்தான் தொடங்கின. அவர் தலைமுறை வேலையிலேயே வேலையைக் கற்றது. இயக்குநர் பீட்டர் ஷாமோனியுடன் சேர்ந்து 1957-ல் மாஸ்கோ உலக இளைஞர் விழாவை ஆவணப்படமாக எடுத்தது அவருடைய தொடக்ககால வேலைகளில் ஒன்று. அதே ஷாமோனி, 1962-ல் ஓபர்ஹவுசன் நகரில் பழைய ஜெர்மன் சினிமா செத்துவிட்டது என்று அறிவித்த 26 பேரில் ஒருவர். 1966-ல் ஷாமோனி இயக்கிய முதல் கதைப்படத்துக்கு வகானோதான் கேமரா. பெர்லின் திரைப்பட விழாவில் அந்தப் படத்துக்கு வெள்ளிக்கரடி விருது கிடைத்தது.

இதோடு கூடவே தொலைக்காட்சியும் வளர்ந்துகொண்டிருந்தது. பிராந்திய ஒளிபரப்பு நிறுவனங்களின் கூட்டமைப்பான ஏஆர்டி 1954-ல் நாடு தழுவிய ஒளிபரப்பைத் தொடங்கியிருந்தது. இரண்டாவது அலைவரிசையான இசட்டிஎஃப் 1963-ல் வந்தது. தொடக்கத்தில் தொலைக்காட்சி நாடகங்கள் பெரும்பாலும் ஸ்டூடியோவுக்குள், மின்னணுக் கேமராக்களை வைத்து மேடை நாடகம் போல எடுக்கப்பட்டன. 60-களில் அவை ஃபிலிமுக்கு மாறி தெருவுக்கு இறங்கின. சினிமா ஒளிப்பதிவாளர்களுக்குத் தொலைக்காட்சியில் வேலை பெருகியது இப்படித்தான். படப்பிடிப்பு நாட்கள் குறைவு, நிஜமான வீடு, நிஜமான அலுவலகம், சின்ன விளக்குகள், எடை குறைந்த கேமரா. தொலைக்காட்சி வேலையை ஒரு படி மட்டமாகப் பார்க்கும் பழக்கம் எல்லா நாட்டு சினிமாக்காரர்களிடமும் உண்டு. வகானோவைப் பொறுத்தவரை அதுதான் அவருடைய பள்ளிக்கூடம் என்று நான் நினைக்கிறேன். இடம் போதாத இடத்தில், வெளிச்சம் போதாத வேளையில், நடிகரின் அசைவை விடாமல் பிடிக்கும் பழக்கம் அங்கேதான் படிந்திருக்க வேண்டும்.

அது எந்த அளவுக்குப் படிந்தது என்பதை 1974-ல் வந்த 'சூப்பர்மார்க்கெட்' படத்தில் பார்க்கலாம். இயக்குநர் ரோலண்ட் கிளிக். ஹாம்பர்க் தெருக்களில் போக்கிடமில்லாமல் அலையும் ஒரு பையனின் கதை. பையன் ஓடினால் கேமராவும் கூட ஓடுகிறது. தூரத்தில் ஸ்டாண்டில் நின்று வேடிக்கை பார்ப்பதில்லை.

அடுத்த ஆண்டே அதற்கு நேர்மாறான ஒரு வேலை. ஹைன்ரிச் ப்யோல் எழுதிய கதையை ஃபோல்கர் ஷ்லோண்டார்ஃபும் மார்கரெத்தே ஃபான் ட்ரோட்டாவும் 'கதரீனா ப்ளூமின் இழந்த மானம்' என்று படமாக்கினார்கள். தேடப்படும் ஒருவனோடு ஓர் இரவு பழகிய குற்றத்துக்காக ஓர் இளம்பெண்ணைக் காவல்துறையும் மஞ்சள் பத்திரிகையும் சேர்ந்து சின்னாபின்னப்படுத்துகிற கதை. படத்தின் தொடக்கத்திலேயே ஒரு படகுப் பயணத்தில் அந்த ஆளை மாறுவேடக் காவலர் ஒருவர் ரகசியமாகப் படம்பிடிக்கிறார். அந்தக் கண்காணிப்புக் காட்சிகளைக் கறுப்பு வெள்ளையில், சொரசொரப்பாக நாமும் பார்க்கிறோம். படத்துக்குள் கேமராவே ஓர் ஆயுதமாக மாறுகிறது. கண்காணிக்கப்படும் அந்த ஆளாக நடித்தவர் யூர்கன் ப்ரோக்னோவ். ஆறு ஆண்டுகள் கழித்து நீர்மூழ்கிக் கப்பலின் கேப்டனாக வகானோவின் கேமரா முன் மறுபடி நின்றவரும் அவரே.

இந்தப் படத்தின் தயாரிப்பில், ஏஆர்டி கூட்டமைப்பைச் சேர்ந்த, கொலோனைத் தலைமையிடமாகக் கொண்ட டபிள்யூடிஆர் தொலைக்காட்சிக்கும் பங்கு உண்டு. 1974-ல் தொலைக்காட்சி நிறுவனங்களுக்கும் அரசுத் திரைப்பட நிதி அமைப்புக்கும் இடையே ஓர் ஒப்பந்தம் ஏற்பட்டது. தொலைக்காட்சி பணம் போடும், படம் முதலில் தியேட்டருக்குப் போகும், குறிப்பிட்ட காலத்துக்குப் பிறகு வீட்டுத் திரைக்கு வரும். நாம் கொண்டாடும் 70-களின் புதிய ஜெர்மன் சினிமாவில் பெரும்பகுதிக்கு உயிர் கொடுத்தது இந்த ஏற்பாடுதான். டபிள்யூடிஆரில் தொலைக்காட்சிப் படப் பிரிவின் தலைவராக இருந்த குந்தர் ரோர்பாக், தரையிலும் நீரிலும் வாழும் உயிரினத்தைப் போல இரண்டு திரைக்கும் பொருந்துகிற படம் வேண்டும் என்று 1977-ல் எழுதினார். தியேட்டர்காரர்களும் விமர்சகர்களும் அதைக் கடுமையாக எதிர்த்தார்கள். சினிமாவைத் தொலைக்காட்சியின் அளவுக்குச் சுருக்குகிறார் என்பது குற்றச்சாட்டு. 1979-ல் ரோர்பாக் மியூனிக்கின் பவாரியா ஸ்டூடியோவுக்குத் தலைமை ஏற்றார். அவர் சொன்னதற்குப் பெரிய சாட்சியாக அமைந்த படமும் அங்கேயே உருவானது.

அதுதான் 'தாஸ் போட்'. லோத்தார்-குந்தர் புக்ஹைமின் நாவலை வைத்து வோல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கியது. செலவு சுமார் 3 கோடியே 20 லட்சம் மார்க். அன்றைய ஜெர்மன் சினிமாவுக்குக் கேள்விப்படாத தொகை. பவாரியாவோடு டபிள்யூடிஆரும் ஸ்டுட்கார்ட்டின் தொலைக்காட்சி நிறுவனமும் பணம் போட்டன. ஒரே படப்பிடிப்பில் இரண்டு வடிவங்களுக்கும் எடுத்தார்கள். இரண்டரை மணி நேரத் தியேட்டர் படம் ஒன்று, அதைப்போல ஏறக்குறைய இரண்டு மடங்கு நீளத் தொடர் இன்னொன்று. தொடரை பிபிசி 1984-ல் ஆறு பகுதிகளாகவும், ஏஆர்டி 1985-ல் மூன்று பகுதிகளாகவும் காட்டின. ஆக, ஒளிப்பதிவாளர் எடுக்கும் ஒவ்வொரு ஃப்ரேமும் பெரிய திரையின் அகலத்திலும் அன்றைய டிவிப் பெட்டியின் சதுரம் போன்ற வடிவத்திலும் நிற்க வேண்டும்.

கதை நடக்கும் இடம் ஏழாம் வகை சி ரக நீர்மூழ்கி. நீளம் 67 மீட்டர். உள்ளே மனிதர்கள் புழங்கும் உருளையின் விட்டம் 5 மீட்டர்கூட இல்லை. அதிலும் எஞ்சின், குழாய், படுக்கை, டார்பிடோ எல்லாம் போக மிச்சமிருக்கும் நடைபாதை ஓர் ஆள் அகலம்தான். நாற்பதுக்கும் மேற்பட்டவர்கள் அதற்குள் வாரக்கணக்கில் வாழ்ந்தார்கள். கலை இயக்குநர் ரோல்ஃப் ட்செஹெட்பவர் இதன் உட்புறத்தை அதே அளவில் ஸ்டூடியோவில் கட்டினார். ஹைட்ராலிக் மேடை ஒன்றின் மேல் அதை ஏற்றி, 45 டிகிரி வரை சாய்த்து ஆட்டினார்கள்.

இப்படிப்பட்ட செட்டில் சினிமாக்காரர்கள் செய்யும் சுலபமான காரியம், ஒரு பக்கச் சுவரைக் கழற்றிவிட்டு வெளியே நின்று எடுப்பது. இங்கே சுவரைத் தொடுவதில்லை என்று முடிவெடுத்தார்கள். கேமரா உள்ளேதான் இருக்கும், மாலுமி நிற்க முடியாத இடத்தில் கேமராவும் நிற்காது. சொல்லிவிடலாம், ஆனால் எப்படி எடுப்பது? தண்டவாளம் போட்டு ட்ராலி தள்ள இடமில்லை. நடந்துகொண்டே குலுங்காமல் படம்பிடிக்க உதவும் ஸ்டெடிகேம் அப்போது வந்துவிட்டது. ஆனால் உடம்பில் கட்டும் கவசமும் நீட்டிய கையும் கனமான கம்பமும் கொண்ட அந்தக் கருவி, பெட்டிக்குப் பெட்டி இடையே இருக்கும் வட்டமான துளைக் கதவுக்குள் நுழையாது. வெறும் கையில் பிடித்து ஓடினால் படம் குலுங்கி ஒன்றும் தெரியாது.

வகானோ தனக்கான கருவியைத் தானே அமைத்துக்கொண்டார். சிறிய ஆரிஃப்ளெக்ஸ் கேமராவோடு இரண்டு ஜைரோஸ்கோப்புகளைப் பொருத்தினார். வேகமாகச் சுழலும் பம்பரம் தன் அச்சைச் சாயவிடாமல் எதிர்ப்பதுபோல, ஜைரோஸ்கோப்பின் சுழற்சி கேமரா சட்டென்று சாய்வதையும் திரும்புவதையும் தடுக்கும். ஓடும்போது வரும் மேல்கீழ் அசைவு கொஞ்சம் மிஞ்சும். அந்த மிச்சம்தான் இந்தப் படத்துக்குத் தேவையாக இருந்தது. முழுக்க வழுக்கிச் செல்லும் கேமராவாக இருந்திருந்தால் பேய் ஒன்று மிதந்து போவது போலிருந்திருக்கும். இங்கே ஓடுவது ஒரு மனிதன் என்று பார்ப்பவரின் உடம்புக்குத் தெரிகிறது. தலையிலும் உடம்பிலும் காப்புக் கவசங்கள் மாட்டிக்கொண்டு வகானோ நடிகர்களுக்குப் பின்னால் தானே ஓடினார். அவசரமாக மூழ்க வேண்டும் என்றதும் எடையை முன்பக்கம் சேர்க்க மாலுமிகள் எல்லோரும் கப்பலின் மூக்கை நோக்கிப் பாய்கிறார்களே, அந்தக் காட்சியைப் பாருங்கள். துளைக் கதவுகளை ஒன்றன்பின் ஒன்றாகத் தாண்டி, தலைகளுக்கும் தொங்கும் மூட்டைகளுக்கும் நடுவே கேமரா பறக்கிறது. நெருக்கடி என்ற சொல்லுக்குச் சினிமாவில் இதைவிடச் சரியான படம் எனக்குத் தெரிந்து இல்லை.

இதற்கு ஒரு விலையும் உண்டு. ஜைரோஸ்கோப்புகள் சத்தம் போடும். படப்பிடிப்பில் பதிவான பேச்சைப் பெரும்பாலும் பயன்படுத்த முடியாமல் பிறகு டப்பிங் செய்தார்கள். மூச்சும் முனகலும் உலோகம் நெரியும் ஒலியும் பயத்தை உண்டாக்கும் இந்தப் படத்தின் ஒலிகளில் பெரும்பகுதி அப்புறம் கட்டப்பட்டது என்பது யோசித்துப் பார்த்தால் வியப்பான விஷயம். படத்துக்குக் கிடைத்த 6 ஆஸ்கர் பரிந்துரைகளில் இரண்டு ஒலிக்கானவை.

வெளிச்சத்திலும் அதே ஒழுங்கு. கப்பலுக்குள் கண்ணில் படும் விளக்குகள்தான் காட்சிக்கும் விளக்கு என்ற உணர்வைப் படம் விடாமல் காக்கிறது. கடலடியில் சிக்கி மின்சாரம் போகும் பகுதியில் டார்ச் ஒளி அலைகிறது. அது படும் முகம் மட்டும் தெரிகிறது, மற்றதெல்லாம் இருட்டு. நடிகர்களின் சோகை பிடித்த முகங்களுக்கு மேக்கப் மட்டும் காரணமில்லை. படப்பிடிப்புக் காலத்தில் அவர்களை வெயிலில் அலையவிடாமல் வைத்திருந்தார்கள்.

ஒளிப்பதிவுக்கான ஆஸ்கர் பரிந்துரை வகானோவுக்கும் வந்தது. 1983-ல் அந்த விருதை வாங்கியது இந்தியாவில் எடுக்கப்பட்ட 'காந்தி' படத்தின் ஒளிப்பதிவாளர்கள். இருந்தாலும் அந்தப் பரிந்துரையோடு ஹாலிவுட் கதவு திறந்தது.

அமெரிக்கக் காலத்தைச் சுருக்கமாகவே சொல்லலாம். பீட்டர்சனுடன் 'முடிவில்லாக் கதை' படத்தை 1984-ல் பவாரியாவிலேயே முடித்தார். அதன்பின் பெரும்பாலும் டச்சு இயக்குநர் பால் வெர்ஹூவனோடு. இருவருக்கும் 1977-லேயே 'ஆரஞ்சுப் படைவீரன்' படத்தில் பழக்கம். 'ரோபோகாப்', 'டோட்டல் ரீகால்', 'ஷோகேர்ள்ஸ்', 'ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்', 2000-ல் 'ஹாலோ மேன்'. அதோடு ஓய்வு. தொழில்நுட்பத்தில் கடினமான படங்கள் இவை. 'ஸ்டார்ஷிப் ட்ரூப்பர்ஸ்' படத்தில் பிறகு கணினியில் சேர்க்கப்போகும் பூச்சிகளுக்காக வெற்று நிலத்தைப் பார்த்து ஃப்ரேம் வைக்க வேண்டும். ஆனாலும் வகானோ யார் என்று கேட்டால் நான் அந்த 67 மீட்டர் கப்பலைத்தான் காட்டுவேன்.

சரி, வழக்குக்கு வருவோம்.

ஹாலிவுட் ஒப்பந்தங்களில் சட்டப்படிப் படைப்பாளி என்பவர் ஸ்டூடியோதான். ஒளிப்பதிவாளர் சம்பளத்துக்கு வேலை செய்தவர், அவ்வளவே. ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டம் வேறு இடத்திலிருந்து தொடங்குகிறது. படைப்பாளி எப்போதும் மனிதர். படைப்புரிமையை யாருக்கும் விற்றுவிட முடியாது. பயன்படுத்தும் அனுமதியை மட்டுமே கொடுக்கலாம். ஒரு படத்துக்குப் படைப்பாளிகள் யார் யார் என்று சட்டம் பட்டியல் போடவில்லை. உருவாக்கத்தில் தனக்கே உரிய படைப்புப் பங்கு யாருக்கு இருந்ததோ அவர்கள் கூட்டுப் படைப்பாளிகள். இயக்குநருக்கு அது எளிதாகக் கிடைத்துவிடும். ஒளிப்பதிவாளரும் எடிட்டரும் படைப்பாளிகளாக அங்கீகாரம் பெறுவதற்கு ஜெர்மனியின் ஒளிப்பதிவாளர் சங்கம் பல காலம் உழைத்தது. வகானோவும் அந்த முயற்சியில் நெடுநாள் ஈடுபட்டவர்.

2002-ல் இந்தச் சட்டத்தில் ஒரு முக்கியமான திருத்தம் வந்தது. ஒரு படைப்பு எதிர்பாராத அளவுக்குச் சம்பாதித்தால் படைப்பாளி கூடுதல் பங்கு கேட்கலாம் என்ற விதி முன்பே உண்டு. ஆனால் வாங்கிய சம்பளத்துக்கும் வந்த லாபத்துக்கும் இடையே மிக மோசமான இடைவெளி இருந்தால்தான் அது செல்லுபடியாகும். திருத்தத்துக்குப் பிறகு, பார்த்தவுடன் கண்ணை உறுத்தும் இடைவெளி இருந்தாலே போதும். இன்னொன்றும் சேர்ந்தது: ஒப்பந்தம் போட்ட தயாரிப்பாளரிடம் மட்டுமல்ல, அவரிடமிருந்து உரிமை வாங்கிச் சம்பாதித்தவர்களிடமும் நேரடியாகக் கேட்கலாம். ஆகவே வகானோவின் வழக்கு பவாரியாவோடு நிற்கவில்லை. டபிள்யூடிஆர் மீதும், வீடியோ வெளியிட்ட யூரோவீடியோ மீதும் போனது. படத்தைத் திரும்பத் திரும்ப ஒளிபரப்பிய மற்ற ஏஆர்டி நிறுவனங்கள் மீது ஸ்டுட்கார்ட்டில் தனி வழக்கு.

இப்போது அந்த முதல் கோரிக்கை ஏன் முக்கியம் என்று தெரியும். இடைவெளி கண்ணை உறுத்துகிறது என்று நிரூபிக்க வருமானம் தெரிய வேண்டும். வருமானக் கணக்கு எதிர்த்தரப்பின் அலமாரியில் பூட்டியிருக்கிறது. 2011 செப்டம்பரில் கார்ல்ஸ்ரூவில் உள்ள கூட்டாட்சி உச்சநீதிமன்றம் வரை போய், கணக்குக் கேட்கும் உரிமைக்கே மூன்று ஆண்டுகள் போராட வேண்டியிருந்தது. இடைவெளி இருக்கலாம் என்பதற்குத் தெளிவான அறிகுறிகள் இருந்தால் போதும், அதை முன்கூட்டியே நிரூபிக்கத் தேவையில்லை என்பதுதான் அங்கே நிலைத்த நிலைப்பாடு. ஜெர்மன் கலைஞர்களுக்கு இந்த வழக்கு கொடுத்த மிகப் பெரிய பயன் இதுதான் என்பது என் கருத்து. பணம் பிறகு வரலாம், வராமலும் போகலாம். கணக்குப் புத்தகம் திறந்துவிட்டால் பேரம் பேசும் தளமே மாறிவிடும்.

கணக்கு வந்தது, அடுத்த கட்டம் தொடங்கியது. 2017 டிசம்பரில் மியூனிக் உயர்நீதிமன்றம் வட்டியோடு சேர்த்து சுமார் 5 லட்சத்து 88 ஆயிரம் யூரோ தர வேண்டும் என்றது. 2018-ல் ஸ்டுட்கார்ட் உயர்நீதிமன்றம் ஏஆர்டி நிறுவனங்கள் சுமார் 3 லட்சத்து 15 ஆயிரம் யூரோ தர வேண்டும் என்றது. இரண்டும் கார்ல்ஸ்ரூவுக்குப் போயின. 2020-ல் ஸ்டுட்கார்ட் தீர்ப்பும் 2021-ல் மியூனிக் தீர்ப்பும் மறு விசாரணைக்குத் திருப்பி அனுப்பப்பட்டன. உரிமையை நீதிமன்றம் மறுக்கவில்லை. கணக்குப் போட்ட முறையில்தான் குறை கண்டது. எளிதாகச் சொன்னால் சிக்கல் இதுதான்: ஒரே சம்பளத்துக்குத் தியேட்டர், தொலைக்காட்சி, வீடியோ எல்லா உரிமையையும் ஒருவர் கொடுத்திருக்கிறார். தொலைக்காட்சிக்காரர் அடைந்த பலனை அந்த மொத்தச் சம்பளத்தோடு ஒப்பிடுவதா, தொலைக்காட்சி உரிமைக்கு ஈடான பகுதியோடு மட்டுமா? பகுதியோடு ஒப்பிட வேண்டும் என்றால், 1980-ல் யாரும் பிரித்துப் பார்க்காத ஒரு தொகையை நாற்பது ஆண்டு கழித்து நீதிபதி பிரிக்க வேண்டும். டிக்கெட் இல்லாமல், பெரும்பாலும் மக்கள் செலுத்தும் ஒளிபரப்புக் கட்டணத்தில் நடக்கும் பொதுத் தொலைக்காட்சிக்கு ஒரு மறுஒளிபரப்பால் என்ன லாபம் என்று அளப்பதும் அதே அளவுக்குக் கடினம். அதற்கு ஒரு வழியாக, மறுஒளிபரப்புக்குச் சம்பளத்தில் இவ்வளவு சதவீதம் என்று தொலைக்காட்சி நிறுவனங்களின் தொழிலாளர் ஒப்பந்தங்களில் இருக்கும் அளவுகோலை எடுத்துக்கொள்ளலாம் என்றார்கள்.

இதற்குள் வகானோவுக்கு 87 வயது ஆகிவிட்டது. 74 வயதில் தொடங்கிய வழக்கு அது. இவ்வளவு காலம் தாக்குப்பிடிக்கும் வசதியும் பெயரும் எத்தனை ஒளிப்பதிவாளர்களுக்கு இருக்கும்? அன்றாடத் தொலைக்காட்சித் தொடர்களுக்கு உழைக்கும் ஒருவர், நாளைக்கும் வேலை தர வேண்டிய அதே நிறுவனத்தின் மீது வழக்குப் போடுவாரா? வகானோ ஓய்வு பெற்ற பிறகு நீதிமன்றம் போனார் என்பதைக் கவனிக்க வேண்டும்.

சட்டம் அதற்குப் பின்னும் நகர்ந்திருக்கிறது. கேட்டால் ஆண்டுக்கொரு முறை கணக்குத் தர வேண்டும் என்ற விதி 2017-ல் வந்தது. 2019-ன் ஐரோப்பிய ஒன்றிய வழிகாட்டுதலை ஒட்டி 2021 ஜூன் 7 முதல், கேட்காமலே ஆண்டுக்கொரு முறையாவது தர வேண்டும் என்று ஆனது. வகானோ மூன்று ஆண்டுகள் வழக்காடிப் பெற்ற விவரம் இப்போது தானாக வந்து சேர வேண்டிய ஒன்று. ஆனால் அந்த விதியில் ஒரு விலக்கும் இருக்கிறது: மொத்தப் படைப்பில் கீழ்நிலைப் பங்கு மட்டுமே உள்ளவருக்கு இப்படிக் கணக்கு அனுப்பத் தேவையில்லை. ஒளிப்பதிவாளரின் பங்கு எந்த நிலை என்று ஒரு தயாரிப்பாளர் தகராறு செய்தால், எதிர்த்தரப்பு வக்கீல் எடுத்து வைக்கக்கூடிய முதல் கட்டு 'தாஸ் போட்' தீர்ப்புகளாகத்தான் இருக்கும்.